எல்லார்க்கும் ஒரே வாயில்
(சங்கத்தின் ஆண்டு விழாவில் நிகழ்த்திய சொற்பொழிவு)



ஆண்டு விழா மேடையில் திருக்குறளைப் பற்றியோ, சிலம்பைப் பற்றியோ பேசுவது நம் சங்கத்தின் வழக்கம். இன்று நாம் எடுத்துக்கொண்ட பொருள் ஒரு பள்ளிக்கூடம். அதுவும் நம் நாட்டுப் பள்ளிக்கூடம் அன்று. லண்டன் மாநகரில், தேம்ஸ் நதிக்குத் தெற்கே, கிரீனிச் வட்டாரத்தைச் சேர்ந்த கிட்புரூக் என்னும் இடத்தில் 1954-ஆம் ஆண்டு திறக்கப்பெற்ற பெண்கள் பள்ளி அது. கடல் கடந்த ஒரு பள்ளியின் கதை நமக்கு எதற்கு என்று சிலர் எண்ணக்கூடும். எதற்கு என்பது பேச்சின் பிற்பகுதியில் தானே விளங்கும்.

முதலில் ஒரு சொற்குழப்பத்தை நீக்கிவிட வேண்டும். இங்கிலாந்தில் 'பப்ளிக் ஸ்கூல்' என்றால் பொதுமக்களின் பள்ளி என்று பொருளன்று. ஈட்டன், ஹாரோ முதலிய, பெருந்தொகையைக் கட்டணமாகப் பெறும் தனியார் பள்ளிகளுக்கே அங்கு அப்பெயர். ஜவாஹர்லால் நேரு ஹாரோவில் பயின்றவர் என்பதை யாவரும் அறிவோம். கிட்புரூக் அந்த இனத்தைச் சேர்ந்ததன்று. அது 'காம்ப்ரிஹென்சிவ்' பள்ளி எனப்படும். ஒரு வட்டாரத்துப் பிள்ளைகளைக் கெட்டிக்காரர் என்றும் மந்தமானவர் என்றும் வெவ்வேறு பள்ளிகளுக்குப் பிரித்தனுப்பாமல், கட்டணமும் பெறாமல், ஒரே வாயிலின் வழியே உள்ளே அழைத்துக்கொள்ளும் பள்ளி என்பது அதன் பொருள்.

அப்படிப்பட்ட பள்ளி ஏன் தேவைப்பட்டது என்பதை அறிய, அதற்குப் பத்தாண்டு முன்னே செல்லவேண்டும். 1944-ஆம் ஆண்டு, உலகப் போர் முடிவதற்கு முன்பே, பட்லர் என்னும் அமைச்சரின் முயற்சியால் இங்கிலாந்தில் ஒரு கல்விச் சட்டம் நிறைவேறியது. அரசாங்கத்தின் பொறுப்பிலுள்ள உயர்நிலைப் பள்ளிகளில் கட்டணம் கூடாது என்று அச்சட்டம் விதித்தது. ஏழையின் பிள்ளைக்கும் உயர்நிலைக் கல்வி உரியது என்று சட்டமே கூறியது மகத்தான காரியந்தான். ஆனால் அதனோடு கூடவே ஒரு பிரிவினையும் வேரூன்றியது. பிள்ளைகளின் அறிவு மூவகைப்படும் என்று 1943-ஆம் ஆண்டு நார்வுட் குழுவினர் ஓர் அறிக்கையில் எழுதியிருந்தனர். நூலறிவில் நாட்டமுடையோருக்குக் கிராமர் பள்ளி, இயந்திரத் தொழிலில் நாட்டமுடையோருக்குத் தொழில்நுட்பப் பள்ளி, ஏனையோருக்கு மாடர்ன் பள்ளி என மூன்று ஏற்பட்டன. தொழில்நுட்பப் பள்ளிகள் போதிய அளவில் கட்டப்படவில்லை. ஆகவே மூன்று என்று ஏட்டில் இருந்தது நடைமுறையில் பெரும்பாலும் இரண்டாகவே நின்றது.

எந்தப் பிள்ளை எங்கே செல்வது என்பதைத் தீர்மானித்தது, ஏறத்தாழப் பதினோராவது வயதில் வைக்கப்பெற்ற ஒரு தேர்வு. கணக்கிலும் ஆங்கிலத்திலும் சில வினாக்கள், அறிவுக் கூர்மையை அளப்பதாகச் சொல்லப்பட்ட சில புதிர்கள், அவ்வளவே. அதில் தேறியவர்கள் கிராமர் பள்ளிக்கும், பின்னர்ப் பல்கலைக்கழகத்திற்கும் செல்லும் பாதையில் ஏறினர். தேறாதவர்கள் மாடர்ன் பள்ளியில் சேர்ந்து, பெரும்பாலோர் பதினைந்தாம் வயதில் எந்தப் பொதுத் தேர்வும் எழுதாமலே வேலைக்குப் போயினர். ஒரே தாய் வயிற்றில் பிறந்த இருவரில் ஒருத்தி ஒரு பள்ளியின் தொப்பியை அணிந்து ஒரு தெருவழியே செல்ல, மற்றொருத்தி வேறு பள்ளிக்கு வேறு தெருவழியே செல்வதும் உண்டு.

ரயில்வே ஊழியர் மிகுந்த இச்சபைக்கு இதை விளக்குவது எளிது. முன்னாளில் சரக்கு வண்டிப் பெட்டியின் பக்கத்தில், சேரவேண்டிய நிலையத்தின் பெயரெழுதிய அட்டையைச் செருகிவிடுவது வழக்கம். அட்டை ஏறிவிட்டால், யார்டில் உள்ளவர்கள் பெட்டிக்குள் என்ன இருக்கிறதென்று பார்ப்பதில்லை. அட்டையைப் பார்த்து அதற்குரிய லயனில் தள்ளிவிடுவார்கள். சரக்குக்கு அது போதும். ஏனெனில் ஏற்றிய கோதுமை இறங்கும்போதும் கோதுமையாகவே இருக்கும். பிள்ளையோ வளர்கிற பொருள். பதினோரு வயதில் எழுதிய அட்டை பதினாறு வயதில் பொருந்துமா?

பொருந்தவில்லை என்பதை அந்நாட்டவரே கண்டறிந்தார்கள். அங்குள்ள தேசியக் கல்வி ஆராய்ச்சி நிறுவனம் 1957-ஆம் ஆண்டு வெளியிட்ட ஆய்வின்படி, அத்தேர்வை எவ்வளவு செம்மையாக நடத்தினாலும், நூற்றுக்கு ஏறத்தாழப் பன்னிரண்டு பிள்ளைகள் தமக்குப் பொருந்தாத பள்ளிக்கே அனுப்பப்பட்டனர். மேலும், கிராமர் பள்ளி இடங்கள் எல்லா ஊரிலும் ஒரே விகிதத்தில் இல்லை. ஓர் ஊரில் தேறியிருக்கக் கூடிய பிள்ளை, வேறோர் ஊரில் பிறந்த காரணத்தாலேயே தவறியது. பெண்களுக்குரிய இடங்கள் குறைவாயிருந்த ஊர்களில், ஆண் பிள்ளையைவிட அதிக மதிப்பெண் பெற்ற பெண் பிள்ளையும் வெளியே நின்றாள். தவறியது பிள்ளையா, தேர்வா, ஊரா என்று கேட்பவர் இல்லை.

இந்நிலையில் லண்டன் கவுண்டி கௌன்சில் வேறு வழி கண்டது. 1947-ஆம் ஆண்டு அது வகுத்த பள்ளித் திட்டத்தில், நகரெங்கும் காம்ப்ரிஹென்சிவ் பள்ளிகளை அமைப்பது என்று முடிவாயிற்று. போரில் குண்டு விழுந்து பள்ளிக் கட்டடங்கள் பலவும் சிதைந்திருந்த நகரம் அது. எப்படியும் புதிதாகக் கட்டவேண்டும். கட்டுவதை ஏன் பழைய பிரிவினையின்படி கட்டவேண்டும் என்று அவர்கள் எண்ணினார்கள். வேல்ஸ் நாட்டில் ஆங்கில்சி தீவிலுள்ள ஹாலிஹெட் நகரில் 1949-ஆம் ஆண்டே இம்முறை தொடங்கிவிட்டது. ஆயினும் இம்முறைக்கென்றே அடித்தளம் முதல் புதிதாகத் திட்டமிட்டு லண்டனில் எழுப்பப்பெற்ற முதற் பள்ளி என்னும் பெருமை கிட்புரூக்கையே சாரும்.

அப்பள்ளி ஏறத்தாழ 2000 மாணவியருக்காக அமைக்கப்பெற்றது. அந்நாளில் அந்நாட்டினர் இத்தொகையைக் கேட்டுத் திகைத்தனர். சில நூறு பேர் பயிலும் பள்ளிகளையே கண்டு பழகியவர்கள், 'இது பள்ளியா, தொழிற்சாலையா?' என்று கேட்டதில் வியப்பில்லை. ஆனால் அத்தொகைக்குப் பின்னே ஒரு கணக்கு இருந்தது. பதினைந்து வயதுக்கு மேலும் தங்கிப் படித்து, ஆறாம் படிவம் எனப்படும் மேல்வகுப்பை எட்டுவோர் அந்நாளில் மிகச் சிலரே. உதாரணமாக நூற்றுக்கு ஐவர் என்று வைத்துக்கொள்வோம். ஆண்டுக்கு 100 பேர் சேரும் பள்ளியில் மேல்வகுப்பில் ஐவரே இருப்பர். ஐவருக்காக ஒரு பௌதிக ஆசிரியரையும், ஒரு லத்தீன் ஆசிரியரையும், ஓர் ஆய்வுக்கூடத்தையும் எவ்வாறு வைத்திருப்பது? ஆண்டுக்கு 400 பேர் சேர்ந்தால் மேல்வகுப்பில் இருபதின்மர் தேறுவர், வகுப்பு நடத்தலாம். எல்லாப் பிள்ளைகளையும் சேர்த்துக்கொண்டு, அவர்களில் மேற்படிப்புக்குரியோர்க்கும் குறைவைக்காமல் இருக்கவேண்டுமாயின், பள்ளி பெரிதாகத்தான் இருக்கவேண்டும் என்பது கௌன்சிலின் வாதம்.

கட்டடத்தின் வசதிகளும் இக்கருத்திலிருந்தே பிறந்தன. பள்ளியின் நடுவே, மாணவியர் அனைவரும் ஒருங்கே கூடத்தக்க பெரிய மண்டபம். அதன்மேல் செப்புத் தகடு வேய்ந்த கவிகை. அதனைச் சூழ விஞ்ஞான ஆய்வுக்கூடங்கள், நூலகம், உடற்பயிற்சிக் கூடங்கள், ஓவிய அறைகள், சமையற்கலை பயிலும் அறைகள், தையற்கூடங்கள், தட்டச்சுப் பயிலும் அறைகள். லத்தீன் படிப்பவளும் தையல் படிப்பவளும் காலையில் ஒரே மண்டபத்தில் கூடினர்; ஒரே உணவுக்கூடத்தில் உண்டனர். தட்டச்சு அறையிலிருந்து ஆய்வுக்கூடத்திற்குச் செல்ல ஒரு நடைவழியே போதும். வேறு பள்ளிக்கு மாற்றம் கோரி மனுப் போடவேண்டியதில்லை. கட்டடத்தின் சிறப்பு செப்புக் கூரையில் இல்லை, அந்த நடைவழியில் இருக்கிறது என்பது நம் கருத்து.

தேர்வு முறையிலும் அந்நாளில் ஒரு மாறுதல் வந்திருந்தது. முன்பிருந்த பள்ளிச் சான்றிதழ்த் தேர்வில் குறிப்பிட்ட பாடத் தொகுதியில் சேர்ந்தாற்போல் தேறவேண்டும். இல்லையேல் சான்றிதழே இல்லை. 1951-ஆம் ஆண்டு வந்த ஜி.சி.இ. தேர்விலோ ஒவ்வொரு பாடத்திற்கும் தனித்தனியே தேர்ச்சி உண்டு. ஒரே பாடத்தில் தவறியதால் எல்லாப் பாடத்தையும் இழந்தவர்களை நம் தலைமுறையில் எத்தனையோ பேரைக் கண்டிருக்கிறோம். அம்மாறுதலின் அருமை மெட்ரிகுலேஷன் வரை படித்த நமக்கு நன்கு விளங்கும். பதினோரு வயதில் தகுதியற்றவள் என்று ஒதுக்கப்பட்டிருக்கக் கூடிய பெண், கிட்புரூக் போன்ற பள்ளியில் பதினாறு வயதில் இரண்டு பாடமோ, நான்கு பாடமோ தேறி, மேல்வகுப்புக்கும் செல்ல வழி திறந்தது.

இத்தகைய பள்ளி எதிர்ப்பின்றித் திறக்கப்படவில்லை. கிட்புரூக்கில் இணைப்பதற்காகச் சுற்றுப்புறத்துப் பள்ளிகள் சிலவற்றை மூட கௌன்சில் திட்டமிட்டது. அவற்றுள் எல்த்தம் ஹில் என்னும் பெண்கள் கிராமர் பள்ளியும் ஒன்று. அப்பள்ளியின் பெற்றோர் கொதித்தெழுந்தனர். நற்பெயர் பெற்ற பள்ளியைக் கலைத்துத் தம் பெண்களை ஆயிரக்கணக்கானோர் நடுவே விடுவதா என்பது அவர்கள் கேள்வி. அப்போது கல்வியமைச்சராக இருந்தவர் பிளாரன்ஸ் ஹார்ஸ்புரூ அம்மையார்; கன்சர்வேடிவ் கட்சியின் மந்திரிசபையில் இடம்பெற்ற முதற் பெண்மணி. 1954-ஆம் ஆண்டு, பள்ளி திறக்கவிருந்த தறுவாயில், எல்த்தம் ஹில் பள்ளியை மூடக்கூடாது என்று அவர் ஆணையிட்டார். எனவே கிட்புரூக், தனக்கு வரவேண்டிய கிராமர் பள்ளி மாணவியரைப் பெறாமலே தொடங்கவேண்டியதாயிற்று. எல்லாரும் படிக்கும் பள்ளி என்று பெயர். அருகிலேயே கிராமர் பள்ளிகளும் நடந்தமையால், தேர்வில் முந்தியவர் பலர் அங்கே சென்றுவிட்டனர்.

இங்கே அப்பெற்றோரைப் பழித்தல் எளிது, ஆனால் நீதியன்று. தம் பிள்ளைக்குக் கிடைத்த நல்ல இடத்தை எவர்தாம் விட்டுக்கொடுப்பர்? காலம் செய்த தீர்ப்பைமட்டும் குறித்துச் செல்வோம். அன்று தப்பிப் பிழைத்த எல்த்தம் ஹில் பள்ளியும் 1970-களில் காம்ப்ரிஹென்சிவ் பள்ளியாகவே மாறியது.

கிட்புரூக்கின் முதல் தலைமையாசிரியை மேரி கிரீன் அம்மையார். பின்னாளில் 'டேம்' என்னும் பட்டம் பெற்றவர். வெளியூர்க் கல்வியாளர் பலரும் வந்து பார்த்துச் செல்லும் இடமாக அவர் காலத்தில் அப்பள்ளி விளங்கிற்று. 1965-ஆம் ஆண்டு கல்வியமைச்சர் ஆன்தனி கிராஸ்லாந்து ஒரு சுற்றறிக்கையின் வாயிலாக, காம்ப்ரிஹென்சிவ் முறைக்கு மாறும்படி எல்லா வட்டாரங்களையும் கேட்டுக்கொண்டார். 1970-இல் அப்பொறுப்புக்கு வந்த மார்கரெட் தாட்சர் அம்மையார் அச்சுற்றறிக்கையைத் திரும்பப் பெற்றார். ஆயினும் அவர் பதவியிலிருந்த ஆண்டுகளிலேயே மிகப் பல பள்ளிகள் அம்முறைக்கு மாற அனுமதி பெற்றன! 1980-களின் தொடக்கத்தில் இங்கிலாந்தின் அரசாங்கப் பள்ளி மாணவர்களில் நூற்றுக்கு எண்பதின்மருக்கு மேல் இத்தகைய பள்ளிகளில் பயின்றனர். இன்று அந்நாட்டில் எஞ்சியுள்ள கிராமர் பள்ளிகள் 163.

குறையையும் கூறாவிடில் இது புகழுரையாகிவிடும். வாயில் ஒன்றாயினும், உள்ளே வகுப்புகளை மதிப்பெண்ணின்படி மேலிருந்து கீழாக அடுக்கும் வழக்கம் இப்பள்ளிகள் பலவற்றில் நீடித்தது. முதல் பிரிவில் உள்ளவள் எல்லாப் பாடத்திலும் முதல் பிரிவு. கடைசிப் பிரிவில் உள்ளவள் எல்லாப் பாடத்திலும் கடைசி. வெளியே இடித்த சுவரை உள்ளே கட்டியது போலாயிற்று என்று கல்வியாளர் பலர் கண்டித்தனர். அதன்மேல் சில பள்ளிகள், ஒவ்வொரு பாடத்திற்கும் தனித்தனியே குழு அமைக்கும் வழியை மேற்கொண்டன. கணக்கில் பின்தங்கியவள் சரித்திரத்தில் முன்வரிசையில் அமரலாம். வேறு சில பள்ளிகள் பிரிவே இன்றிக் கற்பித்துப் பார்த்தன. இந்த விவாதம் அங்கு இன்னும் முடிந்தபாடில்லை.

கிட்புரூக்கின் பிற்கால வரலாற்றில் உலகறிந்த நிகழ்ச்சி ஒன்று, அதன் உணவுக்கூடத்தில் நடந்தது. 1944-ஆம் ஆண்டுச் சட்டம் பள்ளி உணவு வழங்குவதை வட்டார நிர்வாகங்களின் கடமையாக்கியிருந்தது. 1980-ஆம் ஆண்டு வந்த சட்டம் அக்கடமையையும், உணவின் சத்துக்குரிய அளவுகோலையும் தளர்த்திவிட்டது. மலிவான பண்டங்களே தட்டில் விழத் தொடங்கின. 2005-ஆம் ஆண்டு ஜேமி ஆலிவர் என்னும் சமையற் கலைஞர் இப்பள்ளியின் சமையலறையில் புகுந்து, தலைமைச் சமையற்காரியாகிய நோரா சாண்ட்ஸ் அம்மையாருடன் நல்லுணவு சமைக்க முயன்றதைத் தொலைக்காட்சியில் நாடே கண்டது. ஒரு பிள்ளையின் மதிய உணவுப் பொருளுக்கு ஒதுக்கப்பட்டது 37 பென்ஸ் மட்டுமே என்பது அப்போது வெளியாயிற்று. 2,71,677 பேர் கையொப்பமிட்ட மனு பிரதமர் டோனி பிளேரிடம் அளிக்கப்பட்டது; அரசாங்கம் 28 கோடி பவுன் ஒதுக்குவதாக அறிவித்தது. செப்புக் கூரை மண்டபத்தைக் கட்டியவர்கள் கணக்கிடாத ஒன்றை ஒரு சமையலறை நினைவூட்டிற்று. எல்லாரையும் சேர்த்துக்கொள்வதோடு கடமை தீர்ந்துவிடாது. சேர்த்தபின் தட்டில் என்ன வைக்கிறோம் என்பதும் பார்க்கப்படும்.

1980-களில் அப்பள்ளி ஆண் பிள்ளைகளையும் சேர்க்கத் தொடங்கியது. 2011-ஆம் ஆண்டு கொரெல்லி கல்லூரி என்றும், 2018-ஆம் ஆண்டு ஹாலி அகாடமி என்றும் பெயர் மாறியது. வால்வெள்ளியின் மறுவருகையைக் கணித்த வானநூல் அறிஞர் எட்மண்ட் ஹாலியின் பெயர் அது. அவர் கிரீனிச் வானாராய்ச்சி நிலையத்தில் பணிபுரிந்தவர்.

நம் நாட்டுக்கும் இக்கருத்து புதிதன்று. 1964 முதல் 1966 வரை டாக்டர் கோத்தாரியின் தலைமையில் அமைந்த கல்விக் கமிஷன், ஒரு வட்டாரத்துப் பிள்ளைகள் சாதி, சமயம், செல்வம் என்னும் வேறுபாடின்றி அருகிலுள்ள பொதுப் பள்ளியில் ஒன்றாகப் பயிலவேண்டும் என்று பரிந்துரைத்தது. லண்டன் பல்கலைக்கழகத்தின் கல்வி நிலையத்துத் தலைவராக இருந்த லயனல் எல்வின் அக்கமிஷனில் ஓர் உறுப்பினர். பரிந்துரை ஏட்டிலேயே இருக்கிறது. நம் பிள்ளைகள் எத்தனை வகைப் பள்ளிகளுக்குப் பிரிந்து செல்கிறார்கள் என்பதை, காலையில் நம் குடியிருப்பின் வாயிலில் வந்து நிற்கும் வண்டிகளை எண்ணினாலே அறியலாம்.

அன்பர்களே! இனி, இப்பொருளை எடுத்துக்கொண்ட காரணத்தைக் கூறுவோம். நம் சங்கத்தின் மாலை வகுப்பைப் பற்றி ஒரு யோசனை நிர்வாகக் குழுவின் முன் இருக்கிறது. வரும் ஆண்டு முதல் ஆறாம் வகுப்புப் பிள்ளைகளுக்கு ஒரு தேர்வு வைப்பது. அதில் முதலில் வரும் இருபது பேருக்கு மட்டும், மின்விசிறியுள்ள நூலக அறையில், சம்பளம் பெறும் ஆசிரியரைக் கொண்டு கற்பிப்பது. ஏனையோர் வழக்கம்போல் தாழ்வாரத்தில், ஓய்வு நேரத்தில் வரும் உறுப்பினரிடம் பயில்வது. இருபது பேராவது மேலே வரட்டும் என்னும் நல்லெண்ணத்தில் பிறந்த யோசனை இது என்பதில் நமக்கு ஐயமில்லை. பணமும் இடமும் குறைவு என்பதும் உண்மையே.

ஆயினும் எண்ணிப் பார்க்கவேண்டும். அந்த இருபது பேர் யாராயிருப்பர்? வீட்டில் படித்த தாயும், தனி அறையும், டியூஷனும் வாய்த்தவர்களே பெரும்பாலும் இருப்பர். கேங்மேனின் மகளும், கலாசியின் மகனும் தாழ்வாரத்தில் இருப்பர். இருபத்தொன்றாவது பிள்ளைக்கும் இருபதாவது பிள்ளைக்கும் இடையே ஒரு மதிப்பெண்ணே இருக்கும்; அந்த ஒரு மதிப்பெண் ஒரு சுவராகிவிடும். தமிழ்நாட்டை விட்டு வந்த நம்மை ஊர், சாதி, உத்தியோகம் ஆகிய வேறுபாடுகளை மறந்து ஒன்றாக்கியது இச்சங்கம். அச்சங்கத்தின் கூரைக்குள்ளேயே நம் பிள்ளைகள் இரண்டு வகையினர் என்று பதினோராம் வயதில் கற்றுக்கொள்வார்களாயின், அப்பாடத்தை எந்த ஆசிரியராலும் பின்னர் அழிக்க இயலாது.

ஆகவே பொதுக்குழுவின் முன் நான்கு வேண்டுகோள்களை வைக்கிறோம். முதலாவது, வாயிலில் தேர்வு வேண்டாம். வருகிற பிள்ளை யாவரையும் சேர்த்துக்கொள்வோம். இரண்டாவது, குழுப் பிரிப்பது தவிர்க்க இயலாததாயின், பாடந்தோறும் தனித்தனியே பிரித்து, மூன்று மாதத்திற்கொருமுறை மாற்றியமைப்போம். மூன்றாவது, நூலக அறையும் தாழ்வாரமும் எல்லாக் குழுக்களுக்கும் முறைவைத்துக் கிடைக்கட்டும். சம்பள ஆசிரியரும் அவ்வாறே. நான்காவது, பணிமனையிலிருந்தும் பள்ளியிலிருந்தும் பசியோடு ஓடிவரும் கூட்டம் இது. வகுப்புக்கு முன் பிள்ளை ஒவ்வொன்றுக்கும் ஒரு குவளைப் பாலும் சிறிது சுண்டலும் கொடுக்க, மாதச் சந்தாவில் சிறு தொகையைக் கூட்டுவோம்.

இதனால் கெட்டிக்காரப் பிள்ளை பின்தங்கிவிடும் என்று அஞ்சவேண்டுவதில்லை. கிட்புரூக்கை அமைத்தவர்கள் மேற்படிப்புக்குரியவர்களை மறக்கவில்லை. அவர்களுக்காகவுந்தான் அத்துணைப் பெரிய பள்ளியைக் கட்டினார்கள். நம்மிலும் முந்துகிற பிள்ளை முந்தட்டும். பிந்துகிற பிள்ளைக்கு எழுந்துவர ஒரு நடைவழி இருக்கட்டும்.

ஹாலி தாம் கணித்த வால்வெள்ளி திரும்பி வந்ததைப் பார்க்கவில்லை. அவர் மறைந்தது 1742-இல். அது வந்தது 1758-இல். கல்விப் பணியும் அத்தகையதே. பதினோரு வயதில் மங்கலாகத் தோன்றும் ஒரு பிள்ளை எந்த ஆண்டில் ஒளிவிடும் என்பதை நம்மால் கணிக்க இயலாது. அந்நாளில் நாம் இருப்போமா என்பதும் உறுதியில்லை. அதுவரை வாயிலைச் சாத்தாமல் வைத்திருப்பதே நம் கடமை.